நிக்கோவிடம் கற்ற போர்த்துகீசு

லிஸ்பன் வந்த புதிதில் என்னை அழ வைத்தது இந்த ஊர்ப் பேச்சுதான். நாகப்பட்டினத்தில் இருக்கும்போதே ஆறு மாதம் செயலி வைத்துப் படித்துவிட்டுத்தான் கிளம்பினேன். அது பிரேசில் உச்சரிப்பு என்று இங்கே வந்த பிறகுதான் தெரிந்தது. இவர்கள் உயிரெழுத்துகளைப் பாதி விழுங்கிவிடுகிறார்கள். நம் ஜன்னல், சாவி, மேசை எல்லாம் இவர்கள் விட்டுப்போன சொற்கள்தான். ஆனால் கடைக்காரர் வேகமாக ஒரு வாக்கியம் சொன்னால் அதில் சாவி எங்கே, மேசை எங்கே என்று பிரித்தெடுக்க முடியாது.

கீழ்வீட்டில் ஒரு பாட்டியம்மா தனியாக இருக்கிறார். என்னை 'மெனினா' என்றுதான் கூப்பிடுவார். நம் ஊரில் 'வாம்மா பொண்ணே' என்பது போல. ஒரு மழை நாளில் கூப்பிட்டு உட்கார வைத்து, கீரையும் உருளைக்கிழங்கும் போட்ட சூப் கொடுத்தார். தொலைக்காட்சியில் ஆர்டிபி மெமோரியா ஓடிக்கொண்டிருந்தது, பழைய நிகழ்ச்சிகளுக்கென்றே இருக்கும் சேனல். "நிக்கோ பேசுவதைக் கேள், புரியும்" என்றார்.

நிக்கோ என்றால் நிக்கொலாவ் பிரைனர். 1940இல் போர்ச்சுகலின் தெற்கே அலென்தேஜூ பகுதியில் உள்ள செர்பா என்ற ஊரில் பிறந்து, மேடையிலிருந்து படத்துக்கும் தொலைக்காட்சிக்கும் வந்த நடிகர். பாட்டியம்மா சொன்னது உண்மைதான். மற்றவர்கள் வாயில் உடைந்து வந்த சொற்கள் அவர் வாயிலிருந்து முழுசாக வந்தன. அன்றிலிருந்து இரவுச் சாப்பாடு முடிந்ததும் கீழே போய்விடுவேன்.

இந்த நாட்டில் சர்வாதிகாரம் 1974 ஏப்ரலில் விழுந்தது. அடுத்த வருடமே அவர் ஏர்மான் ஜுசே என்ற இளைஞரைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு, நாடு எப்படி இருக்கிறது என்று பாட்டாகவே கேட்டுச் சிரிக்க வைத்தார். அந்த இளைஞர்தான் பின்னால் இந்த நாட்டின் பெரிய நகைச்சுவைக் கலைஞர் ஆனார்.

பாட்டியம்மா அதிகம் பேசுவது 1982இல் வந்த 'விலா ஃபாயா' பற்றித்தான். அதற்கு முன்னால் தொடர் என்றாலே பிரேசிலிலிருந்து வருவதுதான். 1977இல் 'கப்ரியேலா' வந்தபோது தெருவே அதைப் பார்த்ததாம். விலா ஃபாயாதான் போர்ச்சுகலிலேயே எடுத்த முதல் நெடுந்தொடர். அதை உருவாக்கியவர்களில் ஒருவரான பிரைனரே ஜுவாவ் கொதுன்யா என்ற லாரி ஓட்டுநராக நடித்தார். "தொடரில் ஒருத்தன் எங்களை மாதிரியே பேசினான், மெனினா" என்று சொல்லும்போது அவர் குரல் மாறிவிடும். பிரேசில் உச்சரிப்போடு வந்து நின்ற எனக்கு அது நன்றாகவே புரிந்தது.

எனக்கு மிகவும் பிடித்தது 2007இல் வந்த 'கால் கேர்ள்' படம். உல்லாச விடுதி கட்ட நினைக்கும் நிறுவனம் ஒரு பெண்ணை அனுப்பி வளைத்துப்போடும் நகரத் தலைவராகப் பிரைனர் வருகிறார். கெட்டவன் என்று அவரை ஒதுக்க முடியாது. வயதான மனிதனின் ஆசையும் வெட்கமும் ஒரே முகத்தில் தெரியும். வசனம் புரியாத இடத்தில்கூட அந்த முகம் எனக்குப் புரிந்தது. அப்புறம் அந்த இடத்தையே திரும்பத் திரும்ப ஓட்டி, சொற்களை நோட்டில் எழுதிக்கொண்டேன்.

பிரைனர் 2016 மார்ச்சில், 75 வயதில் இறந்துவிட்டார். நான் இங்கே வருவதற்கு முன்பே. அந்தச் செய்தி வந்த செய்தித்தாளைப் பாட்டியம்மா இன்னும் அலமாரியில் வைத்திருக்கிறார்.

வரும் ஏப்ரலில் இருவரும் பேருந்தில் செர்பாவுக்குப் போகிறோம். அங்கே செம்மறியாட்டுப் பாலில் செய்யும் பாலாடைக்கட்டி ரொம்பப் பெயர் போனது. கடையில் நான்தான் பேசி வாங்க வேண்டும், அவர் வாயே திறக்க மாட்டாராம்.