அந்தியேட்டிக்கு முன் வந்த தவணை

அப்பா இறந்து பத்தொன்பதாம் நாள் கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்தில் அவருடைய வழக்கு விளக்கத்துக்கு, அதாவது சாட்சி விசாரணைக்கு, இருந்தது. முப்பத்தோராம் நாள் செய்கிற அந்தியேட்டிக் கிரியைக்கு இன்னும் பன்னிரண்டு நாள். துடக்கு கழியாமல் நீதிமன்றப் படி ஏறக் கூடாது என்று அம்மா அழுதார். நான் போனேன். அன்றும் அதற்குப் பிறகு வந்த ஆறு கிழமையிலும் நாங்கள் பட்டதை, இதே நிலையில் இருப்பவர்களுக்கு உதவட்டும் என்று எழுதுகிறேன்.

கொட்டாஞ்சேனையில் அப்பாவின் பாட்டனார் விட்டுப்போன காணியைப் பங்காளிகளுக்குப் பிரித்துத் தரக் கேட்கும் பிரிவிடல் வழக்கு அது. வழக்காளி அப்பாவின் ஒன்றுவிட்ட அண்ணா, எங்களுக்குப் பெரியப்பா முறை. அப்பா நான்காம் எதிராளி. அவருடைய பங்கில் யாருக்கும் சண்டை இல்லை, வமிசாவழியிலேயே தெளிவாக இருந்தது. ஆனால் பின்பக்கத்து இரண்டு அறைகளும் அப்பா 1987இல் தன் காசில் கட்டியவை. அதற்கான ஈடு தனக்கு வரவேண்டும் என்று கேட்டிருந்தார். சீமெந்து, கம்பி, ஓடு வாங்கிய பற்றுச்சீட்டுகளை ஒரு பிஸ்கட் டின்னில் போட்டு வைத்திருந்தார். எந்தச் சீட்டு எந்தச் சுவருக்கு என்று அவருக்கு மட்டும்தான் தெரியும்.

செத்தவீட்டுக்கு வந்த ஒருவர், "பன்னிரண்டு மாதம் சும்மா இருந்தால் வழக்கு அபேட் ஆகிவிடும்", அதாவது அற்றுப்போய்விடும், என்று சொல்லிவிட்டுப் போனார். அதிலிருந்து எனக்கு நித்திரை இல்லை. சட்டத்தரணியிடம் கேட்டேன். அது சாதாரணக் குடியியல் வழக்குக்கு உரிய விதி என்றார். குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 402ஆம் பிரிவு. வழக்கேட்டில் கடைசிப் பதிவு விழுந்த நாளிலிருந்து பன்னிரண்டு மாதத்துக்கு மேல், எடுக்கவேண்டிய நடவடிக்கையை வழக்காளி எடுக்காமல் விட்டால், வழக்கு அற்றுப்போனதாக நீதிமன்றம் கட்டளையிடலாம். எண்ணுவது இறந்த நாளிலிருந்து அல்ல, கடைசிப் பதிவிலிருந்து. அப்படி அற்றுப்போனாலும், தக்க காரணத்தால் தடைப்பட்டோம் என்று காட்டினால் 403இன் கீழ் அதை நீக்கிக்கொள்ள வழி இருக்கிறது.

பிரிவிடல் வழக்கு வேறு. 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 70ஆம் பிரிவின்படி, நடத்தாமல் விட்டதற்காக அது அற்றுப்போவதில்லை. வழக்காளி அசையாவிட்டால் எதிராளி ஒருவரை அவருடைய இடத்துக்குக் கொண்டுவந்து நடத்தலாம்.

அப்பாடா என்று நான் மூச்சு விட, அவர் 81ஆம் பிரிவைக் காட்டினார். பிரிவிடல் வழக்கில் ஒவ்வொரு தரப்பாரும், தான் இறந்தால் இவர் என் இடத்தில் நிற்பார் என்று ஒரு நியமனப் பத்திரம் கொடுத்து வைக்க வேண்டும். 1997 திருத்தத்துக்குப் பிறகு குறைந்தது ஒருவர், கூடினால் மூவர், முன்னுரிமை வரிசையில். அதைக் கொடுக்காமல் ஒருவர் இறந்து, அவருடைய இடத்துக்கு யாரும் வராமல் போனாலும் தீர்ப்பு செல்லும், வாரிசுகளையும் கட்டும். இருபது முப்பது பேர் தரப்பாராக இருக்கிற வழக்கில் யாராவது இறந்துகொண்டேதான் இருப்பார்கள். ஒவ்வொரு சாவுக்கும் வழக்கு நின்றால் காணி ஒருநாளும் பிரியாது. நியாயம் விளங்கியது, பயமும் கூடியது. எங்களுக்கு ஆபத்து வழக்கு நிற்பதில் இல்லை, நாங்கள் இல்லாமலே அது நடந்து முடிவதில் இருந்தது. பங்கு எப்படியும் வரும். அந்த இரண்டு அறைகளைப் பற்றிப் பேசத்தான் ஆள் இருக்காது.

அப்பா நியமனப் பத்திரம் கொடுத்துத்தான் இருந்தார். ஒரே ஒரு பெயர், அவருடைய சொந்த அண்ணாவின் பெயர். அவரும் மூன்று வருடத்துக்கு முன் இறந்துவிட்டார். புதுப் பெயர் கொடுக்க வேண்டும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. பத்திரத்தின் கீழே இரண்டு பேரின் கையொப்பமும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. அதைப் பார்த்தபோதுதான் எனக்கு அழுகை வந்தது.

தவணையன்று எங்கள் சட்டத்தரணி எழுந்து மரணத்தை அறிவித்தார். தனக்காகத் தோன்ற அப்பா சட்டத்தரணிக்கு எழுதிக் கொடுத்த அதிகாரப் பத்திரமான புரொக்சி அப்பாவோடு முடிந்துவிட்டது, ஆகவே தான் அவருக்காக வாதாட முடியாது, தகவல் சொல்ல மட்டும்தான் முடியும் என்று எனக்கு முன்பே சொல்லியிருந்தார். பெரியப்பாவின் சட்டத்தரணி நீண்ட தவணையை எதிர்த்தார். சாட்சிகள் வந்திருக்கிறார்கள், நில அளவையாளரும் வந்திருக்கிறார், தன் கட்சிக்காரருக்கு 81 வயது என்றார். கோபம் தலைக்கு ஏறியது. மூன்று கிழமைக்கு முன் அப்பாவின் காலடியில் நின்று அழுத மனிதர் அல்லவா!

நீதிபதி இரண்டு பக்கமும் கேட்டார். அன்றைய விளக்கத்தைத் தள்ளி ஆறு கிழமை தந்தார். அதற்குள் பிரதிநிதியை நியமிக்க விண்ணப்பம் வராவிட்டால் வழக்கு மேலே போகும் என்று பதியச் சொன்னார். எனக்கு அது குறைவாகப் பட்டது. வெளியே வந்தபோது பெரியப்பா தாழ்வாரத்து வாங்கில் பொல்லை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். "பிள்ளை, கோவிக்காதை. நான் கண்ணை மூட முன்னம் இது முடியவேணும்" என்றார். அவர் வழக்குப் போட்ட பிறகு இறந்த தரப்பாரில் அப்பா மூன்றாவது ஆள். மற்ற இரண்டு சாவுக்கும் பொறுத்திருந்தவர் அவர். அதை யோசித்தபோது ஆறு கிழமை சரியென்றே எனக்குப் பட்டது. இன்றும் அப்படித்தான் நினைக்கிறேன்.

அப்புறம், என்னை அப்பாவின் பிரதிநிதியாக நியமிக்கக் கேட்கும் விண்ணப்பத்துக்காக ஓட்டம். அப்பாவினதும் அவர் நியமித்த அண்ணாவினதும் மரண அத்தாட்சிப் பத்திரங்கள், எங்கள் பிறப்பு அத்தாட்சிப் பத்திரங்கள். வழக்கில் அப்பாவின் பெயருக்கு முன் ஓர் எழுத்து, அடையாள அட்டையில் இரண்டு. இரண்டு பெயரும் ஒருவரே என்று தனியாக ஒரு சத்தியக்கடதாசி. அப்பாவின் அண்ணாவினுடைய மரணப் பத்திரம் யாழ்ப்பாணத்தில் தமிழில் பதிந்தது, வழக்கேடு சிங்களத்தில். ஆகவே சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்து எடுத்தோம். எல்லாத் தரப்பாருக்கும் அறிவித்தலும் போக வேண்டும்.

எல்லாவற்றிலும் கடினம் ரொறன்ரோவில் இருக்கிற தம்பிதான். "உன்ர பேரில போட்டால் அப்பான்ர பங்கும் உனக்கே?" என்று கேட்டான். சட்டத்தரணி ஸ்பீக்கரில் அவனுக்கு விளக்கினார். அக்கா நிற்பது வழக்குக்கு மட்டும், சொத்துரிமை அதனால் மாறாது, வருகிற பங்கு வாரிசுகள் எல்லாருக்கும் உரியது. அவனுடைய சம்மதக் கடிதம் தவணைக்கு நான்கு நாள் முன்புதான் கைக்கு வந்தது.

அடுத்த தவணையில் யாரும் எதிர்க்கவில்லை. பெரியப்பாவின் சட்டத்தரணி எழுந்து ஆட்சேபம் இல்லை என்றார். என் பெயர் அப்பாவின் இடத்தில் பதியப்பட்டது. நான் புதுப் புரொக்சி ஒப்பமிட்டேன். வழக்கு எங்கே நின்றதோ அங்கிருந்தே தொடர்ந்தது. சாட்சிக் கூண்டில் பிஸ்கட் டின்னைத் திறந்து ஒவ்வொரு சீட்டாகக் காட்டினேன். சிலவற்றில் மை மங்கிப்போய் இருந்தது. "இது எந்தச் சுவருக்கு?" என்று கேட்டபோது தெரியாததற்குத் தெரியாது என்றே சொன்னேன். தீர்ப்புக்காகக் காத்திருக்கிறோம்.

அன்று மத்தியானம் பெரியப்பாவும் புது நியமனப் பத்திரம் ஒன்று எழுதுவித்தார். அவர் முன்பு பெயர் கொடுத்திருந்த மகன் அவுஸ்திரேலியாவுக்குப் போய்விட்டார். இந்த முறை மூன்று பெயர், முதலில் பேத்தியின் பெயர். கை நடுங்கியதால் தாள் நழுவாமல் நான் பிடித்துக்கொண்டேன், அவர் ஒப்பமிட்டார்.