டட்லி மூருக்கு நான் எழுதிய முதல் வசனம்

"திரையில் குடிகாரனாக நடித்து உலகப் புகழ் பெற்றவர், கடைசியில் நிஜமாகவே தள்ளாடத் தொடங்கினார்."

இங்கிலாந்து நகைச்சுவை நடிகரும் பியானோக்காரருமான டட்லி மூர் பற்றிய 12 நிமிட வானொலிப் பிரதியை இப்படித்தான் தொடங்கினேன். இதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. 1981இல் வந்த 'ஆர்தர்' படத்தில் எந்நேரமும் போதையில் மிதக்கும் கோடீஸ்வரனாக நடித்தார். ஆஸ்கருக்குப் பெயரும் போனது. தொண்ணூறுகளின் நடுப்பகுதியில் தள்ளாடவும் செய்தார். நாக்குக் குழறியது, மனப்பாடம் செய்த வரிகள் மறந்தன, ஒரு படத்திலிருந்து நீக்கிவிட்டார்கள். கண்டவர்கள் குடிதான் காரணம் என்று முடிவு கட்டினார்கள், உண்மையில் அது நோய். எல்லாவற்றையும் சரிபார்த்துத்தான் எழுதினேன். இருந்தும், நிகழ்ச்சி போய் எட்டு மாதமாகிறது, அந்த வசனம் என்னை விட்டபாடில்லை.

கலையகத்தின் சிவப்பு விளக்கு அணைந்த கையோடு தொலைபேசி அடித்தது. பாட்டுக் கேட்டு எடுக்கிறார்கள் என்று நினைத்தேன்.

"தம்பி, இப்ப போன நிகழ்ச்சி ஆர் எழுதினது?"

"நான்தான் அக்கா."

"என்ர இவருக்கும் அதே வருத்தம்தான். போன வருசம் மோசம் போயிட்டார்."

இப்படியான நேரத்தில் சொல்கிறதைச் சொன்னேன். அவர் அதற்காகக் காத்திருக்கவில்லை.

"அந்த வருத்தத்தின்ர பேரை ஒருத்தர் தமிழில சொல்லி இண்டைக்குத்தான் கேட்டனான். அதுக்கு நன்றி. ஆனா ஒண்டு கேக்கவேணும். அந்த வெறிக் கதையை ஏன் முதல்ல வச்சனீங்கள்?"

"சனம் அப்பிடிப் பிழையா நினைச்சது எண்டு காட்டத்தான் அக்கா. எட்டாவது நிமிசத்தில அது வருத்தம் எண்டு தெளிவாச் சொல்லியிருக்கிறன்."

"ஓம், நான் கேட்டனான். மாமி கேக்கேல்லை. அவ முதல் வசனத்தோட எழும்பிப் போயிட்டா."

அதற்குப் பிறகு அவர் சொன்னதை நான் குறித்து வைக்கவில்லை, ஆனால் மறக்கவும் இல்லை. கணவர் ஒரு துளி குடிக்காதவர். ஒரு கலியாண வீட்டில், கையில் கோப்பையோடு நின்றவர் அப்படியே மல்லாக்க விழுந்தார். அன்றிலிருந்து சொந்தக்காரர் மத்தியில் அவர் வெறிகாரர். வைத்தியர்கள் பேர் வைக்க மூன்று வருடம் பிடித்தது. பேர் வைத்த பிறகும், பெற்ற தாய் மட்டும் மகன் ஒளித்துக் குடிக்கிறான் என்றே நம்பினார். அந்தத் தாய்தான் அன்று வானொலிக்குப் பக்கத்தில் இருந்தவர். என் முதல் வசனத்தைக் கேட்டு, "பாத்தியே, இவரும் குடிச்சுத்தான்" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போயிருக்கிறார்.

உண்மையில் நான் முதலில் எழுதிய தொடக்கம் வேறு. லொஸ் ஏஞ்சலிஸில் வெனிஸ் என்ற கடற்கரைப் பகுதி, மார்க்கெட் வீதி, இலக்கம் 72. எண்பதுகளில் டோனி பில் என்ற நடிகர், தயாரிப்பாளரோடு பங்காளியாகச் சேர்ந்து மூர் நடத்திய உணவகத்துக்கு அந்த விலாசமே பெயர். அங்கே ஒரு பியானோ இருந்தது. முதலாளியே போய் உட்கார்ந்து வாசிப்பார். பட உலகம் அவரைத் தலையில் தூக்கி வைத்திருந்த காலம் அது. உணவகத்தில் பியானோ வாசிக்கிறவனைச் சுற்றி எல்லாரும் கதைத்துக்கொண்டும் மென்றுகொண்டும்தான் இருப்பார்கள். அந்த இடத்தில் போய் உட்காரும் தேவை அவருக்கு என்ன என்பதுதான் என் முழு நிகழ்ச்சிக்கும் கேள்வியாக இருந்தது.

அதற்கு நான் கண்ட பதில், லண்டன் பக்கம் அவர் வளர்ந்த டாகன்ஹாமில் இருந்தது. 1935இல் பிறந்த அந்தப் பிள்ளையின் கால் பிறவியிலேயே வளைந்தது. இடது கால் மெலிந்து குட்டையாகவே இருந்தது. சின்ன வயது முழுக்க அறுவைச் சிகிச்சையும் ஆஸ்பத்திரிக் கட்டிலும்தான். பள்ளிக்கூடத்தில் அடியும் கேலியும் படாமலிருக்க மற்றவர்களைச் சிரிக்க வைக்கப் பழகினார். அந்தக் காலோடுதான், ஓர்கன் வாசிப்புக்கான உதவித்தொகை வாங்கி ஒக்ஸ்போர்டின் மோட்லின் கல்லூரிக்குப் போனார். ஓர்கனில் இரண்டு காலாலும் மிதித்து வாசிக்க ஒரு தனி வரிசையே உண்டு. இதைப் படித்தபோது நான் எழும்பி அறைக்குள் நடந்தேன். அப்புறம் ஜாஸ் பியானோக்காரர் எரோல் கார்னர் மீது பித்து, ஜோன் டாங்வர்த்தின் ஜாஸ் குழு, பிறகு சொந்தமாக மூவர் குழு. நகைச்சுவை நடிகர் பீட்டர் குக்கோடு சேர்ந்து 1965இல் தொடங்கிய பிபிசி தொலைக்காட்சித் தொடரிலும் சிரிப்புக்கு நடுவில் அந்தக் குழு வாசித்தது. அந்த ஒளிநாடாக்களில் பலவற்றைப் பிபிசி பின்னாளில் அழித்துவிட்டது. பியானோவுக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டால் காலை யாரும் பார்ப்பதில்லை, கையைத்தான் பார்ப்பார்கள். உணவகத்திலும் அதற்காகத்தான் உட்கார்ந்தார் என்று எழுதியிருந்தேன். இது என் ஊகம்தான். ஆனால் இப்போதும் அதை நம்புகிறேன்.

நிகழ்ச்சிப் பொறுப்பாளர் நின்றபடியே வாசித்தார். "தம்பி, சாப்பாட்டுக் கடையில பியானோ வாசிச்ச கதையைக் கேக்க ஆர் நிப்பினம்? விழுந்ததை முன்னுக்குக் கொண்டாரும்."

அவர் சொன்னது அவ்வளவுதான். விழுந்ததை முன்னுக்குக் கொண்டுவரச் சொன்னார், குடியை அல்ல. நோயைச் சொல்லியே தொடங்கியிருக்கலாம். குடிகாரனாக நடித்தவர், நிஜமாகவே தள்ளாடியவர் என்று இரண்டையும் முடிச்சுப் போட்டது நான். எழுதி முடித்ததும் மனைவிக்கு வாசித்துக் காட்டினேன். நல்லாயிருக்கு என்றார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

சரி, என் பக்கத்திலும் நியாயம் இருக்கிறது. உலகம் அவரை எப்படிப் பிழையாகப் பார்த்ததோ, அதே பிழைக்குள் கேட்பவரையும் கொஞ்ச நேரம் நிறுத்தி, பிறகு உண்மையைச் சொன்னால்தான் அது உறைக்கும். 1999 செப்டம்பரில் தன் நோயை அறிவித்தபோது மூரே பகிடி விட்டவர். புரோகிரசிவ் சுப்ராநியூக்ளியர் பால்சி, சுருக்கமாகப் பி.எஸ்.பி., நடை, பேச்சு, கண்ணசைவு எல்லாவற்றையும் மெல்ல மெல்லப் பறிக்கும் மூளை நோய். ஒரு லட்சத்தில் ஒருவருக்கு வருவதாம் என்றார். அமெரிக்கத் திரை நடிகர் சங்கத்திலும் ஒரு லட்சம் பேர் இருக்கிறார்கள், ஆகவே தான் ஒருவன் வாங்கிக்கொண்டதால் மற்ற 99,999 பேரும் தப்பினார்கள் என்ற கருத்தில் சொன்னார். என் வசனத்தைக் கேட்டிருந்தால் அவரும் சிரித்திருப்பார் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். ஆனால் அந்த வசனத்தை அன்று கேட்டது அவரில்லையே. மகனைப் பறிகொடுத்த ஒரு தாய்.

பி.எஸ்.பி. பற்றிய பந்தியில் "கண்களைக் கீழ்நோக்கி அசைப்பது கடினமாகும்" என்று எழுதியிருந்தேன். மருத்துவத் தளத்திலிருந்து எடுத்த வரி. அந்த அக்கா தொலைபேசியில் சொன்னது இது: "கோப்பையில கிடக்கிற சோறு அவருக்குத் தெரியாது தம்பி. குனிஞ்சு பாக்கவும் ஏலாது. நான் கோப்பையை அவற்ர முகத்துக்கு நேர தூக்கிப் பிடிப்பன்." அதே நோய் ஒரு பியானோக்காரருக்கு வந்தால் முன்னால் கிடக்கும் கட்டைகளே கண்ணுக்குக் கீழே போய்விடும் என்று அப்போதுதான் எனக்கு விளங்கியது. மூருக்கு விரல்களும் சொல்வழி கேட்காமல் போயின. 2001 நவம்பரில் பக்கிங்ஹாம் அரண்மனைக்குச் சக்கர நாற்காலியில் போய்ச் சிபிஇ என்ற அரச விருது வாங்கியபோது பேச்சும் இல்லை. அடுத்த மார்ச் 27ஆம் தேதி நியூ ஜெர்சியில் இறந்தார். இதெல்லாம் என் பிரதியில் பத்தாம் நிமிடத்தில் வருகிறது.

எழும்பிப் போகிறவர்களுக்காகவும் எழுதவேண்டும் என்று நண்பர்களிடம் இப்போது சொல்கிறேன். சொல்லும்போதே சந்தேகம் வருகிறது. பியானோவில் தொடங்கியிருந்தால் அந்த வீட்டில் இரண்டு பேருமே வேறு அலைவரிசைக்குப் போயிருக்கலாம். நோயின் பெயர் அந்த அக்காவின் காதில் விழாமலே போயிருக்கும். "வெறிக் கதை"தான் அவரையும் இருத்தி வைத்ததோ? அவரிடம் கேட்டிருக்கலாம், கேட்கவில்லை.

மூன்று மாதம் முன்னால் மறுஒலிபரப்பு வந்தது. திருத்துவதற்கு ஒரு மத்தியானம் முழுக்க இருந்தது, பொறுப்பாளரும் தடுக்கவில்லை. மார்க்கெட் வீதி 72ஐ முன்னுக்குக் கொண்டுவந்து புதிதாகப் பேசிப் பதிந்தேன். குடிகார வசனத்தை மட்டும் எடுக்க மனம் வரவில்லை. நாலாவது நிமிடத்துக்கு நகர்த்தி, அடுத்த மூச்சிலேயே அது நோய் என்று சேர்த்தேன். இடையில் ஒரு விநாடி மௌனம் விட்டேன். பிறகு அதையும் வெட்டினேன்.

ஒலிபரப்பு இரவு ஒன்பதுக்கு. அந்த அக்காவின் இலக்கம் அழைப்புப் பதிவேட்டில் இருந்தது. எட்டரைக்கு ஒருதரம் கையில் எடுத்தேன். மாமியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் இருத்துங்கோ என்று சொல்லலாமா, அது சரியா என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே விளக்குச் சிவப்பாகிவிட்டது.