ஏழு திரையும் விலகும் நேரம்: வடலூர் தைப்பூச ஜோதி தரிசனம்

தைப்பூசம் வந்தால் ஊரெல்லாம் காவடி கிளம்பும். வடலூரில் காவடி இல்லை, மொட்டை இல்லை, அர்ச்சனைச் சீட்டும் இல்லை. இங்கே வேண்டுதல் வைத்தவர்கள் அரிசி மூட்டையோடு வந்து இறங்குவார்கள். பிள்ளைக்கு உடம்பு தேறியதற்கும், பெண்ணுக்கு வரன் அமைந்ததற்கும், கடன் அடைந்ததற்கும் எல்லாவற்றுக்கும் அரிசிதான். அதை, வருகிறவர்களுக்கெல்லாம் சோறிடும் தருமசாலையில் சேர்த்துவிட்டுத்தான், ஏழு திரைக்குப் பின்னே ஜோதி இருக்கிற ஞானசபைப் பக்கம் போக வேண்டும். பெருமானார் வள்ளலாரே 1867-ல் சாலையைத் தொடங்கி, அதன் பிறகுதானே 1872 ஜனவரி 25 தைப்பூசத்தன்று சபையில் வழிபாட்டைத் தொடங்கினார்.

சாலைக்குப் போகிற வழியிலேயே ரசீதுப் புத்தகத்தோடு சிலர் மறிப்பார்கள். "அன்னதானத்துக்கு ஐயா, உங்களால் முடிஞ்சது" என்பார்கள். வெள்ளை வேட்டியைப் பார்த்து ஏமாற வேண்டாம். பணமோ அரிசியோ, தருமசாலை அலுவலகத்தில் கொடுத்து அங்கேயே ரசீது வாங்குங்கள். ஆட்டோக்காரர்களிடம் ஏறுவதற்கு முன்பே கூலி பேசிவிடுங்கள். பூசத்தன்று சபை வாசல் வரை எந்த வண்டியும் போகாது. 'வாசல்லயே இறக்கி விடறேன்' என்று சொல்லி ஏற்றிக்கொண்டு, நெரிசல் தொடங்கும் இடத்தில் இறக்கிவிட்டுப் போய்விடுவார்கள். கடலூர் - விருத்தாசலம் ரயில் பாதையில் வடலூர் நிலையம் இருக்கிறது. நடக்க முடிந்தவர்களுக்கு அதுவே நிம்மதி.

தைப்பூச ஜோதி ஆறு காலம்: காலை 6, 10, பகல் 1, இரவு 7, 10, மறுநாள் விடியற்காலை 5.30. மாதப் பூசத்துக்கு வருகிறவர்கள் 'நாங்களும் பார்த்தோம்' என்பார்கள். ஆனால் அன்று விலகுவது ஆறு திரைதான். ஏழும் விலகுவது தைப்பூசத்தன்று மட்டும்.

முதல் காலத்தைத்தான் எல்லோரும் பிடிக்கப் பார்ப்பார்கள். கிழக்கே சூரியன், மேற்கே முழு நிலா, நடுவில் ஜோதி என்று சொல்லக் கேட்டு வருகிறார்கள். தை மாதத்தில் சூரியன் தலைகாட்ட ஆறரை ஆகிவிடும். ஆறு மணிக்குக் கிழக்கு வெளுத்திருக்கும், மேற்கில் நிலா நிற்கும், அவ்வளவுதான். அதுவே கோடி பெறும். ஆனால் நெரிசலும் அப்போதுதான் அதிகம். வயதானவர்களையும் குழந்தைகளையும் கூட்டி வருகிறவர்கள் இரவு பத்து மணியையோ மறுநாள் ஐந்தரையையோ வைத்துக்கொள்வது நல்லது. பகல் இரண்டு காலமும் கண்ணுக்குச் சிரமம். சபை தெற்குப் பார்த்தது. வெட்டவெளி வெயிலில் நின்று உள்ளே இருட்டைப் பார்க்கும்போது கண் பழகுவதற்குள் திரை மூடிவிடும். போகத்தான் வேண்டும் என்றால், திரை விலகுவதற்கு முன் சற்று நேரம் கண்ணை மூடி 'அருட்பெருஞ்ஜோதி அருட்பெருஞ்ஜோதி தனிப்பெருங்கருணை அருட்பெருஞ்ஜோதி' என்ற மகாமந்திரம் சொல்லிக்கொண்டிருங்கள். மந்திரத்துக்கு மந்திரமும் ஆயிற்று, கண்ணும் இருட்டுக்குப் பழகிவிடும்.

நிற்கும் இடமும் முக்கியம். எண்கோணக் கட்டடம் என்பதால் பக்கவாட்டில் நின்றால் ஒன்றும் தெரியாது. தெற்கு வாசலுக்கு நேர்க்கோட்டில், சற்றுத் தள்ளி நின்றாலும் பரவாயில்லை. முன்னால் போக முண்டியடித்து ஓரத்தில் ஒதுங்கிவிட்டால் தூண்தான் தரிசனம். இப்போது இன்னொரு தொல்லை, கைபேசி. ஜோதி தெரிகிற நொடியில் முன்னால் நிற்கிறவர் இரண்டு கையையும் தூக்கிவிடுவார். அவருக்கும் தரிசனம் இல்லை, பின்னால் நிற்கிற பத்துப் பேருக்கும் இல்லை.

திரைகளை வானவில் நிறங்கள் என்று சொல்லிவிடுகிறார்கள். அது தவறு. வானவில்லில் கறுப்பு ஏது, வெள்ளை ஏது? முதலில் கறுப்பு, மாயாசக்தி. அடுத்து நீலம், கிரியாசக்தி. பச்சை, பராசக்தி. சிவப்பு, இச்சாசக்தி. பொன்மை, ஞானசக்தி. வெண்மை, ஆதிசக்தி. கடைசியில் எல்லாம் கலந்த கலப்புத்திரை, சிற்சக்தி. தூரத்திலிருந்து பார்க்கிறவர்களுக்கு விடியல் இருட்டில் கறுப்பும் நீலமும் ஒன்றுபோல் தெரியும். பச்சை வந்த பிறகுதான் இரண்டு போய்விட்டது என்றே புரியும். அதனால் வரிசையை மனப்பாடம் செய்துகொண்டு போங்கள். ஜோதியை மட்டும் பார்க்க வந்தவர்கள் திரை விலகும் நேரத்தில் பக்கத்து ஆளிடம் பேசிக்கொண்டிருக்கிறார்கள். திரை விலகுவதுதான் வழிபாடு. ஆன்மப் பிரகாசத்தை மறைத்திருக்கிற ஒவ்வொன்றும் நமக்குள்தானே இருக்கிறது.

கறுப்பு ஒதுங்கும்போது கூட்டம் இன்னும் சலசலத்துக்கொண்டிருக்கும். சிவப்பு வருவதற்குள் "அருட்பெருஞ்ஜோதி அருட்பெருஞ்ஜோதி" என்று ஒரு மூலையில் தொடங்கி எல்லாக் குரலும் சேர்ந்துவிடும். பொன்மைத் திரையில் விளக்கொளி பட்டு அது மட்டும் முன்னால் வந்து நிற்பதுபோல் இருக்கும். வெள்ளை விலகும். கலப்பு விலகும். ஆளுயரக் கண்ணாடி, அதில் ஜோதி. எத்தனை கேட்க வேண்டும் என்று வந்தோமோ அத்தனையும் அந்த இடத்தில் மறந்து போகும். தனிப்பெருங்கருணை என்ற சொல் மட்டும் வாயில் நிற்கும். ஐயா, உனக்கு என்ன கைம்மாறு செய்ய முடியும்! நின்றவன் யார், நிற்கத் தகுதி உண்டா என்று பாராமல் காட்டினாயே! புலை கொலை தவிர்த்தோரே உள்ளே புகுதல் வேண்டும் என்பது, அதாவது புலால் உண்பதையும் உயிர்க்கொலையையும் விட்டவர்களே உள்ளே வரலாம் என்பது சபையின் விதி. அதற்குத் தகுதி தேடிக்கொள்ளாத எங்களையும் வெளியே நிறுத்தி, அங்கிருந்தே கண்ணாரக் காணவைத்தாயே, அந்தக் கருணைக்கு எல்லை உண்டா!

உள்ளே எரியும் விளக்குக்கும் பெருமானார் விதி எழுதி வைத்திருக்கிறார். பித்தளைக் குத்துவிளக்கு வேண்டாம், தகரக்கண்ணாடி விளக்கே வேண்டும். அதை எடுத்து வைக்கிறவர் பன்னிரண்டு வயதுக்கு உட்பட்ட சிறுவராக இருக்க வேண்டும், இல்லையென்றால் எழுபத்திரண்டு வயதைத் தாண்டிய பெரியவராக இருக்க வேண்டும். உள்ளே தூசு துடைப்பது நான்கு நாளுக்கு ஒரு முறை. துடைக்கிறவர் குளித்துச் சுத்தமாகி, காலில் துணி சுற்றிக்கொண்டு, முட்டிக்கால் போட்டுத் துடைக்க வேண்டும். ஒளியின் முன்னால் நடந்து போகக்கூட அவர் அனுமதிக்கவில்லை.

வெளியே பறக்கும், பெருமானார் வகுத்த நெறியான சன்மார்க்கத்தின் கொடியையும் பார்க்காமல் வராதீர்கள். கீழே வெள்ளை, மேலே மஞ்சள். புருவமத்தியின் உட்புறம் தொங்கும் சவ்வின் நிறம் அது என்று 1873 அக்டோபர் 22-ல் மேட்டுக்குப்பத்தில் கொடி கட்டியபோது பெருமானார் விளக்கினார். அந்த இரண்டு நிறத்தையும் மாற்றித் தைத்த கொடிகள் கடைகளில் விற்கின்றன. வாங்கும்போது கவனியுங்கள்.

ஜோதி முடிந்ததும் பெரும்பாலோர் பேருந்து நிலையத்துக்கு ஓடிவிடுகிறார்கள். மூன்றாம் நாள் மேட்டுக்குப்பத்தில், பெருமானார் சித்தி அடைந்த சித்திவளாகத் திருவறை தரிசனம் இருக்கிறதே! பகல் 12 முதல் மாலை 6 வரை. வடலூரிலிருந்து மூன்று கிலோமீட்டர் சொச்சம். வரிசை வெயிலில் நீளும், தலைக்குத் துண்டும் தண்ணீரும் அவசியம். நான்கு மணிக்கு மேல் போனால் கூட்டம் குறையும் என்று எண்ணிக் காத்திருப்பவர்கள் எல்லோரும் ஒன்றாக நான்கு மணிக்கே வருகிறார்கள். பன்னிரண்டுக்கு முன்பே போய் நின்றுவிடுவது உத்தமம். பசியோடு நிற்க வேண்டிய அவசியமும் இல்லை, வழியெல்லாம் பந்தல் போட்டு "ஐயா வாங்க, அம்மா சாப்பிட்டுப் போங்க" என்று கையைப் பிடித்து இழுப்பார்கள். இலையில் வாங்கியதை வீணாக்காமல் சாப்பிட்டுவிட்டுப் போங்கள்.