வேலிக்கு வானத்தின் நிறம்

மார்ச் 4, செவ்வாய்

ஓவியர் அனா தெரேசா ஃபெர்னாண்டஸின் அந்தப் புகைப்படத்தை மறுபடி எடுத்துப் பார்த்தேன். 2011, மெக்ஸிகோவின் திஹுவானா கடற்கரை. அமெரிக்க எல்லை வேலி மணலில் இறங்கிக் கடலுக்குள் போகும் இடம். கறுப்பு உடை, குதிகால் செருப்போடு ஏணியில் நின்று இரும்புக் கம்பிகளுக்கு வெளிர்நீலம் பூசுகிறார். தள்ளி நின்று பார்த்தால் அந்த இடத்தில் வேலியைக் காணோம், வானம்தான் இருக்கிறது. 'எல்லையை அழித்தல்' என்று பெயர் வைத்தார். ஒரு கம்பியைக்கூடப் பெயர்க்கவில்லை, மேலே ஒரு பூச்சு, அவ்வளவுதான்.

அந்த உடை சாவு வீட்டுக்கும் பொருந்தும், விருந்துக்கும் பொருந்தும். ஏணி ஏறத்தான் பொருந்தாது.

மார்ச் 6, வியாழன்

அனா மெக்ஸிகோவின் தம்பீக்கோவில் பிறந்து, சிறுவயதிலேயே குடும்பத்தோடு எல்லைக்கு இந்தப் பக்கம், எங்கள் சான் டியேகோவுக்கு வந்தவர். இப்போது இருப்பது சான் பிரான்சிஸ்கோவில். முதலில் உடம்பால் ஒன்றைச் செய்கிறார், அதைப் படம் எடுக்க வைக்கிறார், அப்புறம் அந்தப் படத்தைப் பார்த்துப் பெரிய எண்ணெய் ஓவியமாகத் தீட்டுகிறார். ஒருமுறை பனிக்கட்டியில் செய்த குதிகால் செருப்பை மாட்டிக்கொண்டு, அது உருகித் தீரும்வரை தெருவில் நின்றார். பார்க்கும்போதே என் கால் விறைத்தது.

மார்ச் 9, ஞாயிறு

தங்கையோடு, அந்த வேலியின் அமெரிக்கப் பக்கம் இருக்கும் எல்லைப் பூங்காவுக்குப் போனேன். மழைத் தண்ணீர் தேங்கிச் சாலையை மூடியிருந்தார்கள். வண்டியை வெளியே விட்டு, திஹுவானா ஆற்றுச் சாக்கடை நாற்றத்தில் மூக்கைப் பொத்திக்கொண்டு நடை. 2023-ல் பூங்காவை ஒட்டி எழுப்பிய 30 அடிச் சுவர்தான் முதலில் கண்ணில் பட்டது. நீலம் எங்கேயும் இல்லை. "இதைப் பார்க்கவாக்கா இவ்வளவு தூரம் கூட்டிட்டு வந்தே?" என்றாள். பதில் சொல்லவில்லை. அந்த நீலம் இனி ஓவியத்தில் மட்டும்தான்போல.

மார்ச் 15, சனி

கொல்லைப்புற கம்பிக் கதவில் நானே பூசிப் பார்த்தேன். கிறுக்குத்தனம்தான். கடையில் வாங்கிய வண்ண அட்டைகளை வானத்தோடு வைத்துப் பார்த்தால், பத்து மணிக்குப் பொருந்திய நீலம் பன்னிரண்டுக்குப் பொருந்தவில்லை. நடுவாக ஒன்றைத் தேர்ந்து நான்கு கம்பிகளுக்கு இரண்டு கை பூசினேன்.

நின்று பார்த்தால் ஒன்றும் மறையவில்லை. பின்னால் பக்கத்து வீட்டுச் சுவர். புல்லில் படுத்து அண்ணாந்து பார்த்தேன். மேல்பாதி போய்விட்டது! அனா ஏன் கடற்கரைக்குப் போனார் என்று அப்போதுதான் உறைத்தது. அங்கே கம்பிக்குப் பின்னால் வானத்தை மறைக்க எதுவும் இல்லை. ஆனால் 2015-ல் மெக்ஸிகோவின் இன்னொரு எல்லை ஊரான நொகாலஸிலும் ஊர்க்காரர்களைச் சேர்த்துக்கொண்டு இதையே செய்தார். அது கடலே இல்லாத ஊர். அங்கேயும் கழுத்தை நிமிர்த்தித்தான் பார்த்திருப்பார்கள்.

ஏழு மணிக்கு வானம் சிவந்தது. பூசாத கம்பிகள் இருட்டோடு கலந்துவிட்டன. நான் பூசிய நான்கு மட்டும் பளிச்சென்று நின்றன.