தாஷி, சாக்கே, அப்புறம் எங்கள் ஊர் மாசி

கியோட்டோவில் சமையல் வகுப்பு என்று தேடினால் முதலில் வந்து நிற்பது சுஷி. அதை ஒதுக்கிவிட்டேன். ஜப்பானியர்கள் யாரும் தினமும் வீட்டில் உட்கார்ந்து சுஷி பிடிப்பதில்லை. எனக்கு வேண்டியிருந்தது அவர்களுடைய சாதாரண ராத்திரிச் சாப்பாடு. சோறு, புளிக்கவைத்த சோயா விழுதான மிசோ கரைத்த சூப், முட்டை, கீரை, உருளைக்கிழங்கும் மாட்டிறைச்சியும் போட்டு வேகவைக்கிற நிக்குஜாகா. இத்தனையும் சொல்லிக்கொடுத்து, கூடவே சாக்கே என்கிற அரிசி மதுவை ருசி பார்க்கவும் தருகிற ஒரு வீட்டு வகுப்பு கிடைத்தது. தங்கையும் நானும் பெயர் கொடுத்தோம். அவள் மது தொடமாட்டாள் என்று முன்கூட்டியே எழுதினோம். பரவாயில்லை, வேறு ஒன்று தருகிறோம் என்று பதில் வந்தது.

பழைய கியோட்டோ மரவீடு. வாசல் குறுகல், உள்ளே போகப் போக நீளம். சொல்லிக்கொடுத்த அம்மாவுக்கு அறுபது வயதிருக்கும். அவர் வீட்டுக்காரர் ஓரமாக உட்கார்ந்து சாக்கே பாட்டில்களைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவர் முறை வரும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை. வந்த பிறகு நிறுத்தவில்லை.

முதல் வேலை அரிசி. களைவது நாம் களைவதுபோலத்தான், ஆனால் முதலில் ஊற்றும் தண்ணீருக்கு ஒரு கண்டிப்பு உண்டு. காய்ந்த அரிசி முதல் தண்ணீரைத்தான் அதிகம் உறிஞ்சுமாம், அதனால் அந்தத் தண்ணீர் நல்ல தண்ணீராக இருக்கவேண்டும், ஊற்றிய வேகத்தில் கொட்டிவிடவும் வேண்டும். பிறகு அரைமணி நேரம் ஊறல். அரிசியைவிடக் கொஞ்சம் கூடுதலாகத் தண்ணீர் அளந்து டோனாபே என்ற மண்சட்டியில் மூடி வைத்தார். கஞ்சி வடிக்கிற பேச்சே இல்லை. அந்த வீட்டுக் குழாயில் வருவது பிவா ஏரித் தண்ணீர். ஏரியிலிருந்து மலையைக் குடைந்து கியோட்டோவுக்குக் கால்வாய் கொண்டுவந்து முடித்தது 1890இல்.

அடுத்து தாஷி, அவர்கள் சமையலுக்கெல்லாம் அடிப்படையான சாறு. வகுப்பின் பாதி நேரம் இதற்கே போனது, போகவேண்டியதுதான். ஒரு லிட்டர் தண்ணீருக்கு பத்து கிராம் கொம்பு. இது ஹொக்கைடோவின் குளிர்ந்த கடலில் விளையும் தடித்த கடற்பாசி, காய்ந்து பலகைபோல இருக்கும். மேலே படிந்திருக்கும் வெள்ளைப் பொடியைக் கழுவக்கூடாது. அது உப்பில்லை, மானிட்டால் என்கிற இனிப்புப் பொருள். கொம்பைத் தண்ணீரில் ஊறவைத்து, மெல்லிய தீயில் சூடேற்றி, கொதி வருமுன் எடுத்துவிடவேண்டும். கொதிக்கவிட்டால் வழவழப்பும் பாசி வாடையும் இறங்கிவிடும். பிறகு அடுப்பை அணைத்து, கட்சுவோபுஷி, அதாவது புகையில் காட்டிக் காயவைத்த மீன், சீவியது ஒரு பெரிய கைப்பிடி. ஒரு நிமிடம், இரண்டு நிமிடம், அவ்வளவுதான். துணியில் வடிகட்டும்போது பிழியக்கூடாது.

இரண்டையும் சேர்ப்பதற்குக் காரணம் இருக்கிறது. கொம்பின் ருசிக்குக் காரணம் குளூட்டமேட் என்கிற பொருள் என்று 1908இல் வேதியியலாளர் கிக்குனாயே இக்கேதா கண்டுபிடித்தார். கட்சுவோபுஷிக்கு ருசி தரும் இனோசினேட்டை 1913இல் அவருடைய மாணவர் கொதாமா கண்டறிந்தார். இரண்டும் தனித்தனியே இருப்பதைவிடச் சேர்ந்தால் சுவை பல மடங்கு ஏறும். அந்த அம்மா வேதியியல் பேசவில்லை. மூன்று கிண்ணங்களை முன்னால் வைத்தார்: கொம்பு மட்டும், மீன் மட்டும், இரண்டும் சேர்ந்தது. முதலாவது கடல் பக்கத்தில் நிற்கிற மாதிரி. இரண்டாவது புகை. மூன்றாவதை வாயில் வைத்ததும் தங்கை என்னைத் திரும்பிப் பார்த்தாள். உப்பே போடவில்லை, ஆனாலும் அது முழுச் சூப்பாக இருந்தது.

சைவக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. ஜப்பானில் காய்கறிக் குழம்பிலும் மீன் தாஷி இருக்கும், "இறைச்சி இல்லை" என்று சொன்னால் மட்டும் போதாது. முன்கூட்டிக் கேட்டால் கொம்பும் காய்ந்த ஷீத்தாக்கே காளானும் வைத்துச் செய்து தருவார்கள். புத்தமதக் கோயில் சமையலில் அதுதான் வழக்கம், சுவையிலும் குறையில்லை.

கட்சுவோபுஷித் துண்டை முழுதாகக் கையில் கொடுத்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நான் தூத்துக்குடிக்காரன். இது எங்கள் மாசி! அதே சூரை மீன்தான்: வேகவைத்து, புகையில் காட்டி, காயவைப்பது. மாலத்தீவிலும் மினிக்காயிலும் செய்து நம் கருவாட்டுக் கடைகளுக்கு வருகிற அதே சங்கதி. அம்மா அரைக்கிற மாசிச் சம்பல் வாசம் அந்தக் கியோட்டோ அடுக்களையில் அடித்தது. வித்தியாசம் இரண்டு. மாசியை உப்புத் தண்ணீரில் வேகவைக்கிறார்கள். ஜப்பானில் உயர்ந்த ரகத்துக்கு மேலே பூசணம் வளரவிட்டு, வெயிலில் காட்டி, மறுபடி வளரவிட்டு, மாதக்கணக்கில் ஈரத்தை இழுத்தெடுக்கிறார்கள். கைபேசியில் மாசிப் படம் தேடிக் காட்டினேன். அந்த அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்துவிட்டு, இதை எப்படிச் சீவுவீர்கள் என்று கேட்டார். சீவமாட்டோம், இடிப்போம் என்றேன். அவருக்கு அது பிடித்ததாகத் தெரியவில்லை.

முட்டைச் சுருள், அதாவது தாஷிமாகி, கையைப் பழக்குகிற வேலை. மூன்று முட்டைக்கு அரைக் கோப்பைக்குச் சற்றுக் குறைவாகத் தாஷி. இவ்வளவு தண்ணீர் சேர்ந்தால் முட்டை எப்படிச் சுருளும் என்றுதான் தோன்றும். நீளச் சதுர வாணலியில் மெல்லிசாக ஊற்றி, பாதி வெந்ததும் சுருட்டி, ஒதுக்கி, எண்ணெய் தடவி, மறுபடி ஊற்றி, சுருட்டிய உருளையைத் தூக்கிப் புது முட்டை அடியில் ஓடவிடவேண்டும். கியோட்டோவில் சர்க்கரை சேர்ப்பதில்லை, தோக்கியோ பக்கம் சேர்ப்பார்கள். நிறம் கெடக்கூடாது என்று வெளிர் சோயா ஊற்றுகிறார்கள். வெளிர் என்றதும் உப்புக் குறைவு என்று நினைத்துவிடாதீர்கள், கறுப்பைவிட இதில்தான் உப்பு அதிகம்.

எள் போட்ட கீரையும் நிக்குஜாகாவும் சுலபம். ஒரு சங்கதி மட்டும்: நிக்குஜாகாவுக்கு அந்த அம்மா ஊற்றியது குடிக்கிற சாக்கே. கடையில் சமையலுக்கென்று விற்பதில் மதுவரியைத் தவிர்ப்பதற்காகவே உப்புக் கலந்திருக்குமாம், அதை ஊற்றினால் உப்புக் கணக்கு மாறிவிடும்.

சாப்பாடு முன்னால் வந்ததும் வீட்டுக்காரர் எழுந்தார். தங்கைக்கு ஒரு கிண்ணத்தில் அமசாக்கே வைத்தார், மது இல்லாதது. பாயசம்போல இனித்தது. எவ்வளவு சர்க்கரை என்று கேட்டாள். சர்க்கரையே இல்லை. சோற்றோடு கோஜி கலந்து, அறுபது டிகிரி சூட்டில் ஒரு ராத்திரி வைத்தால் மாவு தானே சர்க்கரையாகிவிடும். கோஜி என்பது பூசணம் வளர்த்த அரிசி.

அதிலிருந்துதான் அவர் சாக்கேயை விளக்கினார். பனஞ்சாற்றில் சர்க்கரை தயாராக இருக்கிறது, அதனால் கள் தானே பொங்கும். அரிசியில் சர்க்கரை இல்லை, யாராவது ஆக்கித் தரவேண்டும். சாக்கேத் தொட்டியில் கோஜி ஒருபக்கம் சர்க்கரை ஆக்க, ஈஸ்ட் மறுபக்கம் அதை மதுவாக மாற்றிக்கொண்டே போகிறது, இரண்டும் ஒரே தொட்டியில், ஒரே நேரத்தில். (கள் உதாரணம் நான் சேர்த்தது, அவர் திராட்சை என்றார்.) 2024 டிசம்பரில் இந்த மரபை யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்ததைச் சொல்லும்போது, பட்டியலில் ஏறியவர் அவரே என்பதுபோல நிமிர்ந்து உட்கார்ந்தார்.

முதலில் குளிரவைத்த தாய்கிஞ்சோ. அரிசியைத் தீட்டித் தீட்டி, பாதியோ அதற்கும் குறைவோ மிஞ்சினால்தான் அந்தப் பெயர் போடலாம். பழவாசனை, நல்ல வாசனைதான், ஆனால் நிக்குஜாகாவோடு ஒட்டவில்லை. அடுத்தது வெளியிலிருந்து மதுச்சாரம் சேர்க்காத ஜுன்மாய். முதலில் அறைச் சூட்டில், பிறகு அதையே டோக்குரி என்கிற சாக்கேக் குடுவையில் ஊற்றி வெந்நீரில் இறக்கி நாற்பத்தைந்து டிகிரிக்குச் சுடவைத்து. ஒரே பாட்டில்தான், ஆனால் சூடானதும் சோற்று வாசம் எழுந்து வந்தது. முட்டைச் சுருளுக்கு அதுதான் ஜோடி. விலை உயர்ந்ததுதான் உயர்ந்தது என்று நினைத்துப் போயிருந்தேன், சாப்பாட்டோடு வைத்தால் என் ஓட்டு சுட்ட ஜுன்மாய்க்கே.

ஒவ்வொரு கிண்ணத்துக்கு இடையிலும் ஒரு வாய் தண்ணீர் குடிக்கச் சொன்னார். கியோட்டோவின் சாக்கேப் பேட்டையான ஃபுஷிமியின் ஊற்றுத் தண்ணீர், பாட்டிலில் பிடித்து வந்தது. சாக்கேயில் எண்பது பங்கு தண்ணீர்தானே, அதைக் குடிக்காமல் சாக்கேயைப் பேசக்கூடாது என்பது அவர் கட்சி. கோபே பக்கம், இன்னொரு சாக்கேப் பேட்டையான நதாவில் ஊறும் மியாமிசு என்கிற தண்ணீர் கடினநீர். 1840இல் அதன் அருமை தெரிந்தது. அதில் ஈஸ்ட் வேகமாக வேலை செய்யும், சாக்கே முறுக்காக வரும். ஃபுஷிமி நீர் அதைவிட மென்மை, நொதித்தல் நிதானம், சாக்கேயும் சாது. இரும்பு மட்டும் எந்தத் தண்ணீரிலும் கூடாது, நிறமும் மணமும் போய்விடும்.

மறுநாள் ஃபுஷிமிக்கே போனோம். கோகோனோமியா கோயில் ஊற்றில் ஊர்க்காரர்கள் கேன் கேனாகப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். நம் ஊர்க் குழாயடி கண்ணில் வந்தது, சண்டை மட்டும் இல்லை. 1637இல் தொடங்கிய கெக்கெய்கன் சாக்கே நிறுவனத்தின் அருங்காட்சியகம் நடந்துபோகிற தூரம்.

இனி சென்னை நிலவரம்.

கொம்பும் ஒரு பாட்டில் ஜுன்மாயும் பெட்டியில் வந்தன. முதல் வேலையாக ஒரே அளவு கொம்பை எங்கள் குடியிருப்பின் போர் தண்ணீரிலும் ஆர்.ஓ. தண்ணீரிலும் தனித்தனியே ராத்திரி முழுக்க ஊறவைத்தேன். காலையில் ஆர்.ஓ. தெளிந்த வெளிர் மஞ்சள், வாசம் கியோட்டோதான். போர் தண்ணீர் கலங்கி, சப்பென்று இருந்தது. கால்சியம் மிகுந்த தண்ணீரில் கொம்பின் சாரம் சரியாக இறங்காது என்று அந்த அம்மா சொன்னதை நாக்கால் பார்த்தாயிற்று. மெட்ரோ தண்ணீர் இன்னும் மிச்சம்.

பிறகு மாசி. ஊரிலிருந்து தருவித்து, இடித்துப் போட்டுப் பார்த்தேன். சிறு துண்டுகளுக்கு இரண்டு நிமிடம் போதவில்லை, ஏழெட்டு நிமிடம் வைத்தால் சாரம் இறங்குகிறது. உப்பும் புகையும் கூடுதல். முட்டைச் சுருளுக்கு ஆகாது, முட்டையை மாசி அடித்துவிடுகிறது. மிசோ சூப்பில் மிசோவைப் பாதியாகக் குறைத்து, உருளைக்கிழங்கு போட்டால் பிரமாதம். கியோட்டோக்காரர்கள் ஒப்புக்கொள்வார்களா தெரியாது, வீட்டில் எல்லோரும் இரண்டாம் கிண்ணம் கேட்டார்கள்.

முட்டைச் சுருள் இப்போது சுருளுகிறது, வெட்டும்போது ஓரம் பிரிகிறது. வட்டத் தோசைக்கல்லில் செய்வதால் இரண்டு முனையும் மெலிகிறது என்று நினைக்கிறேன். சாக்கே பாட்டிலைத் திறந்தாயிற்று, ஃப்ரிட்ஜில் இருக்கிறது, சமையலுக்குச் சொட்டுச் சொட்டாகச் செலவாகிறது. தீர்ந்தால் டாஸ்மாக்கில் போய்க் கேட்கிற தைரியம் எனக்கில்லை.

கட்சுவோபுஷி சீவும் பெட்டி, தச்சர் இழைப்புளியைக் கவிழ்த்துப் பெட்டிமேல் பொருத்தியதுதான். தெருமுனைத் தச்சரிடம் படம் காட்டியிருக்கிறேன். பழைய இழைப்புளி ஒன்று இருக்கிறது, அடுத்த வாரம் செய்து தருகிறேன் என்றார், எதைச் சீவ என்று கேட்டார். கருவாடு என்றதும் கூலியைக் கொஞ்சம் ஏற்றிவிட்டார்.