வரப்பு விடலாமா, முழுசாகத் திறக்கலாமா?

அகழாய்வில் சதுரக் குழிகள் தோண்டி, இடையில் வரப்பு, அதாவது தோண்டாத மண்சுவர், விடும் முறையை நம் நாட்டில் வேரூன்றச் செய்தவர், 1944 முதல் 1948 வரை இந்தியத் தொல்லியல் துறைக்குத் தலைமை தாங்கிய மார்ட்டிமர் வீலர். வரப்பின் பக்கவாட்டில் மண்ணடுக்குகளின் முன்பின் வரிசை பளிச்செனத் தெரியும். அது பெரிய பலம்தான்.

ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள். 5 மீட்டர் கட்டத்தில் 1 மீட்டர் வரப்பு விட்டால், 25 சதுர மீட்டரில் தோண்டுவது 16தான். செங்கல் சுவர் என்றால் வரப்புக்கு அந்தப் பக்கமும் தொடர்ந்து பிடித்துவிடலாம். மரவீட்டில் மிஞ்சுவதோ கம்பம் நட்ட இடத்தின் கறுத்த மண்வட்டம் மட்டும். நாலு வட்டத்தில் இரண்டு வரப்புக்கடியில் போனால் வீடே கண்ணில் படாது!

இங்கிலாந்தில் ராக்ஸிட்டர் என்ற பழைய ரோமானிய நகரில் தொல்லியலாளர் பிலிப் பார்க்கர், வரப்பு விடாமல் பரந்த வெளியாகத் திறந்துதான், இடிபாட்டுக் கற்பரப்பில் மரக்கட்டடத் தடயங்களை அடையாளம் கண்டார். அந்த விளக்கத்தை ஏற்காதவர்களும் உண்டு. வரப்பு இல்லையென்றால் ஒவ்வொரு அடுக்குக்கும் தனி எண், தனி வரைபடம், மட்ட அளவு கட்டாயம். அடுக்குகளை முன்பின் வரிசையில் கோக்க, தொல்லியலாளர் எட்வர்ட் ஹாரிஸ் 1973-இல் வகுத்த அட்டவணை இருக்கிறது.

செங்கல் இல்லாத வாழ்விடங்களில், பக்கவாட்டை வரைந்து முடித்ததும் அடுத்தடுத்த நாலு குழிகளின் வரப்பையாவது எடுத்துவிட வேண்டும் என்பேன். அதையும் அடுக்கு அடுக்காகத்தான், மேலிருந்து கீழே.