அப்பாவோட நாற்காலியில வேற ஒருத்தர் உக்காந்துட்டார்

எங்க கல்யாணத்துல முன் வரிசையில ஒரு நாற்காலிய அப்பாவுக்குன்னு விட்டு வச்சிருந்தேன். அதுல அவரோட போட்டோ, பக்கத்துல அவர் கண்ணாடி, அவ்ளோதான். மேடையில இருந்து திரும்பிப் பாக்கறேன், மாப்பிள்ளை வீட்டுப் பக்கத்து ஆளு யாரோ ஒரு பெரியவர் வந்து ஜம்முனு உக்காந்திருக்கார், போட்டோவ கீழ வைக்க மனசில்லாம மடியில வச்சுக்கிட்டு, கண்ணாடிய பத்திரமா சட்டைப் பாக்கெட்ல சொருகிக்கிட்டு!

எனக்கு வந்த கோவம் இருக்கே. மேடையில இருக்கறதால வாயத் திறக்கவும் முடியல. ராத்திரி அம்மாகிட்ட பொலம்புனா, "ஏண்டி, உங்கப்பா இருந்திருந்தாலும் இப்படித்தான் யாரோ தெரியாதவர ஒட்டி உக்காந்து பேசிட்டு இருந்திருப்பார்"னு சொல்லி சிரிக்கறாங்க. அதுக்கப்புறம் நானும் சிரிச்சுட்டேன். ஆனா நீங்க இத செய்யறதா இருந்தா, நாற்காலி மேல பேர் எழுதின அட்டை ஒண்ணு வைங்க, பக்கத்து சீட்ல வீட்டு ஆள் ஒருத்தர உக்கார வைங்க. அலங்காரத்துக்கு விட்ட சீட்டுன்னு நினைச்சு ஹேண்ட்பேக் வைக்கறவங்க எல்லா கூட்டத்துலயும் இருப்பாங்க.

இன்னொரு விஷயம், இது நான் கிட்டத்தட்ட பண்ணிட்டு தப்பிச்சது. அப்பா அனுப்பின வாய்ஸ் மெசேஜ் ஒண்ணு என் பழைய போன்ல இருந்துச்சு, "சாப்டியாம்மா, வெயில்ல சுத்தாத", மொத்தமே ஒம்போது செகண்டு. அத ஹால் ஸ்பீக்கர்ல போட்டு அம்மாவுக்கு சர்ப்ரைஸ் குடுக்கணும்னு பிளான். நல்லவேளை முந்தின வாரம் சும்மா வாய விட்டேன், அம்மா முகமே மாறிடுச்சு. "அத்தன பேர் முன்னாடி அந்தக் குரல் வந்துச்சுன்னா நான் எழுந்து வெளிய போயிடுவேன்"னாங்க. எனக்கு அப்பதான் உறைச்சுது, போட்டோவ பாக்காம முகத்த திருப்பிக்கலாம், குரல் வந்தா எங்க திருப்பறது? அந்த துக்கத்துல என்னவிட பெரிய பங்கு யாருக்கு இருக்கோ அவங்கள கேக்காம எதுவும் செய்யாதீங்க, இதுல சர்ப்ரைஸ் வேலையே வேண்டாம். கடைசில மேக்கப் ரூம்ல நானும் அம்மாவும் மட்டும் ஒரு இயர்போன ஆளுக்கு ஒரு காதா மாட்டிக்கிட்டு அத கேட்டோம், ரெண்டு தடவ. அப்புறம் மேக்கப்ப மறுபடி போட வேண்டியதாச்சு, அது வேற கதை.

அப்பாவோட பழைய சட்டையில இருந்து ஒரு சின்னத் துண்ட வெட்டி என் டிரெஸ்ஸோட உள்பக்கம் தைக்க சொல்லியிருந்தேன். அது இருக்கறது எனக்கும் தையல்காரருக்கும் மட்டும்தான் தெரியும். நாற்காலிய விட எனக்கு அன்னிக்கு தெம்பா இருந்தது அதுதான்.

அண்ணனுக்கு லீவு கிடைக்கல, வெளிநாட்டுல மாட்டிக்கிட்டான். வீடியோ கால்தானே, பாத்துக்கலாம்னு அசட்டையா இருந்துட்டோம். ஜூம் (Zoom) இலவச கணக்குல கால் 40 நிமிஷத்துல தானா கட் ஆகும்ங்கறதே யாருக்கும் ஞாபகம் இல்ல, சரியா முக்கியமான நேரத்துல கட்டு, அவன் அங்க கத்த நாங்க இங்க லிங்க் தேட... யூட்யூப் லைவ்னா அதுவும் கடைசி நேர வேலை இல்ல, முதல் தடவ எனேபிள் பண்ணா 24 மணி நேரம் வரைக்கும் எடுத்துக்கும், பின்னாடி ஓடற பாட்டுக்கு காப்பிரைட் பிரச்சனையும் வரலாம். எங்கள காப்பாத்துனது ஒரு சித்தி பையன், போன கையில வச்சுக்கிட்டு அண்ணன ஹால் பூரா சுத்திக் காட்டிட்டு வந்தான், ஒவ்வொருத்தர் முன்னாடியும் நிறுத்தி "பேசுங்க"ன்னான். ஸ்டாண்டுல போன நட்டு வச்சிருந்தா அவன் நாள் பூரா எங்க முதுகத்தான் பாத்திருப்பான். சோ, அதுக்குன்னு ஒரு ஆள், ஒரு பவர் பேங்க், முந்தின நாளே அதே எடத்துல ஒரு டெஸ்ட் கால்.

இப்ப கருப்பன். எங்க நாய், 11 வயசு. அவன் கழுத்துப் பட்டையில மோதிரத்த கட்டி நடந்து வர விடணும்னு எனக்கு ஆசையோ ஆசை. ஆனா நமக்கு 20 ஆயிரம் ஹெர்ட்ஸ் வரைக்கும் கேக்கும்னா நாய்க்கு 45 ஆயிரம் வரைக்கும் கேக்கும், அந்த ஸ்பீக்கர் பக்கத்துல அவனுக்கு எப்படி இருக்கும்? நம்மள மாதிரி உடம்பு பூரா வேர்த்து சூட்ட தணிக்கவும் முடியாது, மூச்சு வாங்கித்தான் ஆகணும், கூட்டத்துல அது சீக்கிரமே கஷ்டமாயிடும். ஒருநாள் ஒரு சின்ன ஃபங்ஷனுக்கு டிரையல் மாதிரி கூட்டிட்டுப் போனேன். தூக்கமே வராம கொட்டாவி விட்டான், உதட்ட நக்கிக்கிட்டே இருந்தான், வால் கால் நடுவுல. எல்லாரும் "எவ்ளோ சமத்தா உக்காந்திருக்கு பாரு"ன்னாங்க. சமத்து இல்லைங்க, பயம். மயக்க மாத்திரை குடுத்துடலாம்னு ஒருத்தர் ஐடியா சொன்னார், டாக்டர கேக்காம அத நினைச்சே பாக்காதீங்க, சில மருந்துல உடம்பு ஆடாம கிடக்கும், உள்ள பயம் அப்படியே இருக்கும்.

அதனால காலைல கூட்டம் வர்றதுக்கு முன்னாடி அரை மணி நேரம் மட்டும். அவனுக்கு நல்லா பழக்கமான பக்கத்து வீட்டுப் பையன் கூட்டிட்டு வந்தான், கூடவே தண்ணி, அவன் பழைய போர்வை. போட்டோ எடுத்தோம், என் டிரெஸ்ஸெல்லாம் முடி, நேரா வீட்டுக்கு அனுப்பிட்டோம். கொண்டு வந்துதான் ஆகணும்னா அந்தப் பொறுப்புக்கு கல்யாணத்துல வேற வேலையே இல்லாத ஒருத்தர் வேணும், நிஜ மோதிரத்த கட்டாதீங்க, சாக்லேட், திராட்சை, வெங்காயம் போட்ட அயிட்டம் எதுவும் விருந்தாளிங்க ஊட்டி விடாம பாத்துக்கணும். பூனைன்னா யோசிக்கவே வேணாம், வீட்லயே இருக்கட்டும். வீட்டுக்கு வர்ற பொக்கேல லில்லி மட்டும் இருக்கக்கூடாது, அதோட மகரந்தம், ஜாடித் தண்ணி கூட பூனையோட கிட்னிய காலி பண்ணிடும்.

என் வீட்டுக்காரர்கிட்ட ஒரு பூனை இருந்துச்சு, கல்யாணத்துக்கு நாலு மாசம் முன்னாடி போயிடுச்சு. பூனைக்கு போய் இவ்ளோவான்னு ஆளுங்க கேப்பாங்கன்னு யார்கிட்டயும் அத பத்தி பேசவே மாட்டார். அன்னிக்கு அதோட கழுத்து மணிய பேண்ட் பாக்கெட்ல போட்டுட்டு வந்திருக்கார், என்கிட்டயே சொல்லல. வீடியோகிராபர் ரெண்டு தடவ ஷாட்ட நிறுத்தி, "சார், நீங்க நடந்தா எங்கயோ கிணிகிணின்னு கேக்குது, என்னன்னு பாருங்க"ன்னார். இவர் முழிச்ச முழி இன்னும் வீடியோல இருக்கு.